வீட்டுக்கு எடுத்த பைபாப்: மெஷினுக்கு எட்டு, மாஸ்க்குக்கு மூன்று

முதலே புள்ளியைப் போட்டுவிடுகிறேன், நேரமில்லாதவர்கள் இதோடு போகலாம். பைபாப் என்பது மாஸ்க் வழியாகக் காற்றை அழுத்தி மூச்சுக்கு உதவுகிற மெஷின், அம்மாவுக்காக வாடகைக்கு எடுத்தோம். மெஷினுக்குப் பத்துக்கு எட்டு. அதோடு தந்த மாஸ்க்குக்கு மூன்று. வீட்டுக்கு வந்து பொருத்தித் தந்த தம்பிக்குப் பத்து. கடைக்கு ஐந்து, அதுவும் அந்தத் தம்பி அங்கே வேலை செய்கிறபடியால்தான். கடையின் பெயரைப் போடவில்லை, கேட்காதீர்கள். மட்டக்களப்பு டவுனில் இந்தச் சாமானை வாடகைக்குக் கொடுக்கிறவர்கள் எத்தனை பேர், நாளைக்கு ஒரு குழாய் பிய்ந்தாலும் நான் அவர்களிடம்தானே போய் நிற்கவேண்டும்.

எங்கள் அம்மாவுக்கு சிஓபிடி, அதாவது நாட்பட்ட சுவாசத்தடை நோய். பீடி, சுருட்டு எதையும் வாழ்நாளில் தொட்டதில்லை, வெற்றிலை மட்டும்தான். ஆனால் அப்பா போனபிறகு எங்களை ஆளாக்கியது இடியப்பம் அவித்து விற்றுத்தான். கல்லடியில் வீட்டுக்குப் பின்னால் தகரம் போட்ட ஒரு குசினி, யன்னல் கிடையாது, விடியச்சாமத்தில் பொச்சுமட்டையும் தென்னம்பாளையும் போட்டு அடுப்பை மூட்டினால் விடியும்வரை அதற்குள்தான். சிகரெட் குடிக்கிறவர்களுக்குத்தான் இந்த நோய் வரும் என்று இன்னும் நம்புகிறவர்கள் இருக்கிறார்கள். மூடின அறைக்குள் வருசக்கணக்காக விறகுப் புகையைச் சுவாசித்த பெண்களுக்கும் இதே நோய் வரும், உலகம் முழுக்க வந்துகொண்டிருக்கிறது. எங்களுக்கும் கனகாலம் தொய்வு, அதாவது ஆஸ்துமா, என்றுதான் பெயர். பிறகு கிளினிக்கில் குழாயில் ஊதவைத்து, மருந்து இழுக்கவைத்து, திரும்ப ஊதவைத்துப் பார்த்துத்தான் இது தொய்வில்லை என்று தெரிந்தது.

மெஷின் கதைக்கு வருகிறேன். ஒரு மாரிமழைக் காலத்தில் அம்மாவுக்குச் சளி நெஞ்சில் கட்டி, இரண்டு மூன்று நாளாகத் தலையிடி, பகலிலும் நித்திரை, கேட்டதற்கு மாறிமாறிப் பதில். இளைப்பை விட அந்த நித்திரைதான் எங்களைப் பயப்படுத்தியது. பெரியாஸ்பத்திரியில் மணிக்கட்டில் நாடியிலிருந்து இரத்தம் எடுத்துப் பார்த்தார்கள். சாதாரணமாக ஊசி போட்டு எடுக்கிற இரத்தம் வேறு, இது வேறு, நோகும். இரத்தத்தில் காபனீரொட்சைட்டு ஏறி அமிலத்தன்மை கூடியிருந்தது. கணக்கு என்னவென்றால், பிஎச் 7.35க்குக் கீழே இறங்கி, காபனீரொட்சைட்டு 45க்கு மேலே நின்றால், மருந்து கொடுத்தும் சரிவரவில்லையென்றால், சிஓபிடிக்காரருக்கு மாஸ்க் போட்டு மெஷினால் மூச்சுக்கு உதவி கொடுக்கவேண்டும். அதைத்தான் வார்ட்டில் செய்தார்கள். அடுத்த நாள் பின்னேரம் அம்மா என்னைப் பார்த்து, "மனே, வீட்டைப் பூட்டினியா" என்று கேட்டார். அந்தக் கேள்வியிலேயே எங்களுக்குப் பாதி உயிர் வந்துவிட்டது.

வென்ரிலேற்றர் என்ற சொல்லைக் கேட்டதும் எங்கள் சொந்தக்காரர் பாதிப்பேர் அழத் தொடங்கிவிட்டார்கள், "மெஷினில போட்டாச்சாம்" என்று லண்டன் வரைக்கும் போன் போய்விட்டது. அவர்கள் நினைத்தது தொண்டைக்குள் குழாய் இறக்கி, மயக்கத்தில் வைத்து, ஐசியுவில் மூச்சு விடவைக்கிற மெஷினை. இது அதில்லை. குழாய் இல்லை, மயக்கம் இல்லை, ஆள் முழித்திருக்கிறார், கதைக்கிறார், கழற்றித் தண்ணீர் குடிக்கிறார். சொல்லப்போனால் அந்தக் குழாய்க்குப் போகாமல் தடுக்கத்தான் இது. 1995இல் ஐரோப்பிய ஆஸ்பத்திரிகள் சிலவற்றில் சிஓபிடி முற்றி வந்த 85 பேரை இரண்டாகப் பிரித்துப் பார்த்திருக்கிறார்கள்: வழமையான மருந்து மட்டும் கொடுத்தவர்களில் நூற்றுக்கு 74 பேருக்குக் குழாய் போடவேண்டி வந்தது, மாஸ்க் மெஷின் கொடுத்தவர்களில் நூற்றுக்கு 26 பேருக்கு. இதை வாசித்துக் காட்டியும் பெரியம்மா நம்பவில்லை, அது வேறு கதை.

மெஷின் செய்கிற வேலை இவ்வளவுதான். இந்த நோயில் காற்று உள்ளே போவதை விட வெளியே வருவதுதான் பாடு. சுவாசக் குழாய்கள் சுருங்கி, நுரையீரலின் இழுபடும் தன்மை போய், பழைய காற்று உள்ளேயே தங்கிவிடும். அதற்கு மேலே புதுக்காற்றை இழுக்கத் தசைகள் பாடாய்ப்படும், களைத்துப்போகும், காபனீரொட்சைட்டு தேங்கும். பைபாப் இரண்டு அழுத்தம் கொடுக்கிறது. மூச்சை இழுக்கும்போது கூடின அழுத்தம், ஏற்றத்தில் மிதிக்கிறவனை யாரோ பின்னால் நின்று சைக்கிளோடு சேர்த்துத் தள்ளிவிடுவது போல. விடும்போது அழுத்தம் இறங்கும், ஆனால் முற்றாக இல்லாமல் போகாது, குழாய்கள் மூடிக்கொள்ளாமல் கொஞ்சம் நிற்கும். இந்த இரண்டுக்கும் இடையிலான வித்தியாசம்தான் காபனீரொட்சைட்டை வெளியே தள்ளுகிறது. இழுக்கும் அழுத்தம் 12 அளவில் தொடங்கி 20க்கு மேலேயும் போகலாம், விடும் அழுத்தம் பெரும்பாலும் 4, 5 அளவில் நிற்கும், சென்ரிமீற்றர் நீர் என்பது அளவு. அம்மாவின் அளவு எத்தனை என்று இங்கே எழுதமாட்டேன், யாராவது பார்த்துத் தங்கள் வீட்டில் அப்படியே வைத்துவிடுவார்கள். அது டொக்டர் இரத்தத்தைப் பார்த்து எழுதுவது.

டிஸ்சார்ஜ் ஆன கையோடு மெஷின் வாங்க ஓடாதீர்கள். எங்களுக்கு டொக்டர் சொன்ன மிகப் பெறுமதியான வார்த்தை அதுதான்: "அவசரப்படாதீங்க, இரண்டு மூன்று கிழமை போகட்டும், திரும்ப இரத்தம் பார்ப்பம்." சிலருக்குச் சளிக்காய்ச்சல் ஆறினதும் காபனீரொட்சைட்டு தானாக இறங்கிவிடுமாம், அவர்களுக்கு வீட்டில் இது தேவைப்படாது. அப்படி இறங்காமல் நிற்கிறவர்களுக்குத்தான் இரவில் வீட்டு மெஷின். 2017இல் பிரித்தானியாவில் 116 பேரை வைத்துச் செய்த ஆய்வும் இப்படிக் காத்திருந்து தேர்ந்தெடுத்தவர்களில்தான்: வீட்டில் ஒட்சிசன் மட்டும் எடுத்தவர்களில் சரிபாதிப்பேர் 1.4 மாதத்துக்குள் திரும்ப ஆஸ்பத்திரிக்குப் போனார்கள் அல்லது இறந்தார்கள், ஒட்சிசனோடு மெஷினும் போட்டவர்களுக்கு அது 4.3 மாதமாக நீண்டது. அதற்கு முன்பு 2014இல் ஜேர்மன் டொக்டர்மார் 195 பேரில் பார்த்ததில், ஒரு வருசத்துக்குள் இறந்தவர்கள் மெஷின் போட்டவர்களில் நூற்றுக்கு 12, போடாதவர்களில் 33. நோய் மாறிவிடும் என்று இதற்கு அர்த்தமில்லை. ஆனால் மாஸ்க்கைப் பார்த்து அம்மா முகம் சுளிக்கிற இரவுகளில் எனக்கு இந்த எண்கள் உதவின.

அம்மாவுக்குக் காபனீரொட்சைட்டு இறங்கவில்லை. சரி, கடைக்குப் போனோம்.

கடை என்றால் சக்கரக் கதிரை, வோக்கர், கொமோட் கதிரை, ஒட்சிசன் சிலிண்டர், ஊதுமெத்தை எல்லாம் வாசல் வரைக்கும் அடுக்கி வைத்திருக்கிற இடம். முதலாளி நல்ல மனுசன், தேத்தண்ணி எல்லாம் தந்தார். ஆனால் டொக்டரின் துண்டைப் பார்த்துவிட்டு, பைபாப் இப்போது கையில் இல்லை, சீபாப் இருக்கிறது, வாடகையும் குறைவு, "ரெண்டும் ஒரே வேலைதான்" என்றார். ஒரே வேலை இல்லை! சீபாப்பில் இருப்பது ஒரே அழுத்தம், மூச்சை இழுத்தாலும் விட்டாலும் அதே அழுத்தம். நித்திரையில் குறட்டை விட்டு மூச்சடைத்துப்போகிறவர்களுக்கு அது அருமையான சாமான். காபனீரொட்சைட்டு தேங்கின சிஓபிடிக்காரருக்கு அது பைபாப்புக்குப் பதிலாகாது, தள்ளிவிடுவதற்கு அங்கே இரண்டு அழுத்தமே இல்லையே. வெளியே பார்த்தால் இரண்டு பெட்டியும் ஒன்றுதான், சில கம்பனிகளில் மூடியும் பட்டனும்கூட ஒரே மாதிரி. ஆகவே பெட்டியின் அடியில் ஒட்டியிருக்கிற பெயரை வாசியுங்கள், டொக்டர் எழுதின மோட் அதில் இருக்கிறதா என்று கேளுங்கள். அம்மாவுக்கு எஸ்ரீ மோட் எழுதியிருந்தார், அதாவது ஆள் மூச்சு இழுக்க மறந்தால் மெஷின் தானாக ஒரு மூச்சைக் கொடுக்கும். அது இல்லாத பைபாப்பும் உண்டு. நாங்கள் இரண்டு நாள் பொறுத்திருந்து சரியான மெஷினைத்தான் எடுத்தோம்.

வாடகை எவ்வளவு என்று எழுதவில்லை, டொலர் ஆடுகிற ஆட்டத்தில் நான் எழுதி நீங்கள் வாசிப்பதற்குள் மாறிவிடும். மூன்று மாத வாடகை டிப்போசிற். பற்றுச்சீட்டில் மெஷினின் சீரியல் நம்பரையும், கொடுக்கும்போதே இருந்த கீறல்களையும் எழுதிக் கையெழுத்து வாங்குங்கள். முதலாளி முகம் கொஞ்சம் மாறும், பரவாயில்லை.

இனி மாஸ்க். இந்த விசயத்தில்தான் நான் கடைக்குப் புள்ளி குறைத்தேன். மெஷின் எவ்வளவு நல்லதென்றாலும் முகத்துக்கும் அதற்கும் இடையில் இருப்பது அந்த சிலிக்கன் துண்டுதான், அதில் காற்று ஒழுகினால் டொக்டர் எழுதின அழுத்தம் நெஞ்சுக்குப் போகாது, கண்ணுக்குள் ஊதும். கடையில் தந்தது மூக்கும் வாயும் மூடுகிற மாஸ்க், மீடியம். "எல்லாருக்கும் மீடியம் சரியா வரும்" என்றார்கள். மேலதிகமாக ஒன்றும் தேவைப்படும் என்று இன்னொரு மீடியத்தையும் பில்லில் போட்டார்கள். அம்மா சின்ன முகம், அதுவும் இரவில் பல்செட்டைக் கழற்றினால் கன்னம் உள்ளே போய் முகத்தின் கணக்கே மாறிவிடும். முதல் இரவு மூன்று மணி வரைக்கும் ஒரே சத்தம், உஸ், உஸ் என்று, மெஷின் எச்சரிக்கை மணி அடிக்க, அக்கா வாரை இறுக்க, அம்மா கழற்றி எறிய. "இது மூச்சு விடச்சொல்லி என்னை அதட்டுது மனே" என்றார். விடியப் பார்த்தால் மூக்குத்தண்டில் சிவந்து தோல் உரியப் பார்த்திருந்தது.

அடுத்த நாள் அந்தத் தம்பி வந்தார். பெயர் வேண்டாம், கடையில் டெலிவரிக்கு வருகிற பிள்ளை, ஆனால் கொழும்பில் எங்கேயோ பயிற்சி எடுத்திருக்கிறார் என்று பிறகு தெரிந்தது. வந்தவர் மெஷினைத் தொடவே இல்லை. அம்மாவுக்குப் பக்கத்தில் கதிரையை இழுத்துப் போட்டு, "அம்மா, பல்லைக் கழற்றிப்போட்டு ஒருக்கா சிரிங்க பார்ப்பம்" என்றார். பிறகு ஒரு பிளாஸ்ரிக் அளவுத் தகட்டை மூக்குத்தண்டிலிருந்து கீழ் உதட்டுக்குக் கீழே வரைக்கும் வைத்துப் பார்த்து, "ஸ்மோல்" என்றார். நேரே பின்பக்கம் போய், "கொண்டையை அவிழுங்க" என்றார். அம்மா இரவில் போடுகிற கொண்டை சரியாக வார் போகிற இடத்தில் இருந்திருக்கிறது, படுக்கும்போது அது வாரை மேலே தள்ள, மாஸ்க் கீழே நழுவியிருக்கிறது. பக்கவாட்டில் தளர்வாக ஒரு பின்னல் போட்டதும் பாதிப் பிரச்சினை போய்விட்டது. மீதிக்குக் காரணம் தேங்காயெண்ணெய். தலையிலிருந்து நெற்றிக்கு வழிகிற எண்ணெயில் சிலிக்கன் வழுக்கும், நாளடைவில் பழுதாகியும் போகும். படுக்கப்போக முன் முகத்தைச் சவர்க்காரம் போட்டுக் கழுவச் சொன்னார். இதெல்லாம் எந்த ஆங்கிலக் கையேட்டில் கொண்டையோடு சேர்த்து எழுதியிருக்கப் போகிறது?

மாஸ்க்கைப் போட்ட விதமும் வேறு. முதலில் வார் ஒன்றும் இல்லை, மெஷினை ஓடவிட்டு, அம்மாவின் கையாலேயே மாஸ்க்கை முகத்தில் பிடிக்கவைத்தார். பிடிக்கவில்லையென்றால் எடுத்துவிடலாம் என்று தெரிந்ததும் அம்மாவின் பயம் குறைந்ததை நான் கண்ணால் பார்த்தேன். பிறகு படுக்கவைத்து, படுத்த நிலையில்தான் வாரைக் கட்டினார், இருந்தபடி கட்டினால் படுக்கும்போது கன்னம் சரிந்து கணக்குப் பிழைக்குமாம். வாருக்குக் கீழே இரண்டு விரல் போகவேண்டும். ஒழுகினால் உடனே இறுக்காமல், மாஸ்க்கை முகத்திலிருந்து கொஞ்சம் தூக்கித் திரும்ப வைத்தால் அந்த மெல்லிய சிலிக்கன் உதடு காற்றில் விரிந்து தானாக உட்காரும். இறுக்க இறுக்கத்தான் ஒழுக்கும் கூடும், புண்ணும் வரும். மூக்குத்தண்டில் ஒட்ட ஒரு மெத்தென்ற பிளாஸ்ரரும் தந்தார். முதல் கிழமை பின்னேரத்தில் தொலைக்காட்சி நாடகம் பார்க்கும்போது போட்டுப் பழகச் சொன்னார், நாடகத்தில் வரும் மாமியார் மேல் இருந்த கோபத்தில் அம்மா மாஸ்க்கையே மறந்துபோன பின்னேரங்கள் உண்டு.

இன்னொரு விசயம், இதைத் தயவுசெய்து கவனியுங்கள். வீட்டு மெஷினில் ஒரே ஒரு குழாய்தான், விடுகிற மூச்சு வெளியேற மாஸ்க்கிலோ குழாய் முனையிலோ சின்னச் சின்ன ஓட்டைகள் வைத்திருப்பார்கள். அதிலிருந்து எந்நேரமும் காற்று வரும், வரத்தான் வேண்டும். எங்கள் அக்கா அதை ஒழுக்கு என்று நினைத்துப் பிளாஸ்ரர் ஒட்டப்போன நேரம் தம்பி கையைப் பிடித்துத் தடுத்தார். அதை அடைத்தால் அம்மா தான் விட்ட காபனீரொட்சைட்டையே திரும்ப இழுப்பார், எதற்காக மெஷின் எடுத்தோமோ அதற்கு நேர்மாறு. ஐசியுவில் பாவிக்கிற சில மாஸ்க்குகளில் இந்த ஓட்டை இருக்காது, வளைவுத் துண்டு நீல நிறத்தில் இருந்தால் பெரும்பாலும் அந்த வகை. ஆஸ்பத்திரியிலிருந்து கொண்டுவந்த மாஸ்க்கை வீட்டு மெஷினில் சும்மா மாட்டிவிடாதீர்கள்.

ஒட்சிசன் பற்றி வீட்டில் நடந்த சண்டைகளை எழுதினால் தனிப் புத்தகம். விரலில் மாட்டி இரத்தத்தின் ஒட்சிசன் அளவைப் பார்க்கிற மீற்றரில் 90 காட்டினால் அக்காவுக்கு நெஞ்சு பதறும், "கூட்டு, கூட்டு" என்பார். இந்த நோயில் காபனீரொட்சைட்டு தேங்குகிறவர்களுக்கு 88க்கும் 92க்கும் இடையில்தான் வைக்கச் சொல்கிறார்கள், 98 ஆக்கினால் காபனீரொட்சைட்டு இன்னும் ஏறக்கூடும். ஒட்சிசன் கூடினதும் நுரையீரலின் உருப்படியில்லாத பகுதிகளுக்கும் இரத்தம் திரும்பிவிடுவது அதற்கு ஒரு பெரிய காரணமாம். அதோடு அந்த விரல் மீற்றர் காபனீரொட்சைட்டைக் காட்டவே காட்டாது. மீற்றரில் எண் அழகாக இருக்க ஆள் மயங்கிக்கொண்டு போகலாம். காலைத் தலையிடி, பகல் நித்திரை, தடுமாற்றமான பேச்சு, கை நீட்டினால் உதறுவது, இவற்றைத்தான் பார்க்கவேண்டும்.

மெஷினோடு ஒட்சிசனும் சேர்த்துக் கொடுப்பதென்றால் ஓர் ஒழுங்கு இருக்கிறது. முதலில் மெஷின், பிறகு ஒட்சிசன். நிற்பாட்டும்போது முதலில் ஒட்சிசன், பிறகு மெஷின். மாறிச் செய்தால் ஓடாத மெஷினுக்குள் ஒட்சிசன் தேங்கி நெருப்புப் பிடிக்கக்கூடிய நிலை வரும். எங்கள் வீட்டில் சாமியறையும் அம்மாவின் அறையும் ஒரே சுவர். விளக்கைத் தள்ளிவைத்தோம், வெள்ளிக்கிழமைச் சாம்பிராணியை அடியோடு நிறுத்தினோம், அதன் புகையே அம்மாவுக்கு ஆகாது என்பது தனி. பெரியம்மாவுக்கு இதிலும் கோபம்.

கரண்ட். 2022இல் ஒரு நாளைக்குப் பதின்மூன்று மணித்தியாலம்கூட வெட்டினார்கள், 2025 பெப்ரவரி 9ஆம் திகதி பாணந்துறையில் ஒரு குரங்கு செய்த வேலையில் நாடு முழுக்க இருண்டது. பைபாப் தனியே அவ்வளவு கரண்ட் இழுக்காது, ஈரமாக்கும் தண்ணீர்ச் சூடாக்கிதான் கூட இழுக்கும், கரண்ட் போன நேரம் அதை நிறுத்திவிட்டு நல்ல இன்வேர்ட்டரும் பற்றறியும் இருந்தால் இரவைக் கடக்கலாம். கொம்பியூட்டருக்கு வைக்கிற சின்ன யூபிஎஸ்ஸை நம்பாதீர்கள். காற்றிலிருந்து ஒட்சிசனைப் பிரித்துத் தருகிற கொன்சன்ட்ரேற்றர் வேறு கதை, ஐந்து லீற்றர் பெட்டியே முந்நூறு வாற்றுக்கு மேல் இழுக்கும், அதற்குப் பதிலாக ஒரு சிலிண்டரை நிரப்பிச் சுவரோடு கட்டிவைத்திருக்கிறோம். கரண்ட் போய் மெஷின் நின்றால் உடனே மாஸ்க்கைக் கழற்றவேண்டும். நல்ல மாஸ்க்குகளில் அந்த நேரம் தானாகத் திறந்து வெளிக்காற்றை விடுகிற ஒரு கதவு இருக்கும், ஆனாலும் அதை நம்பிப் படுத்திருக்கக்கூடாது. மாஸ்க்கைத் தானாகக் கழற்ற ஏலாத ஆள் என்றால் பக்கத்தில் ஒருவர் படுக்கத்தான் வேண்டும்.

தண்ணீர்ச் சாடிக்கு எங்கள் கிணற்றுத் தண்ணீர் சரிவரவில்லை, வாவிக்கரைக் கிணறு, சில நாளிலேயே அடியில் வெள்ளையாகப் படிந்துவிட்டது. கடையில் கேட்டு வடித்த தண்ணீர் வாங்குகிறோம், தினமும் மாற்றுகிறோம். மெஷினைக் கட்டில் உயரத்துக்குக் கீழே ஒரு முக்காலியில் வைத்திருக்கிறோம், இல்லாவிட்டால் குழாயில் சேர்கிற தண்ணீர் முகத்துக்கு வரும். வடிகட்டியைச் சொல்லவேண்டும்: வெள்ளாமை வெட்டி வைக்கோல் எரிக்கிற காலத்தில் அந்த வெள்ளைத் துண்டு கறுத்துப்போகிற வேகத்தைப் பார்த்தால், மெஷின் இல்லாத நாங்கள் எல்லாரும் எதைச் சுவாசிக்கிறோம் என்று தெரியும்.

பழைய மெஷினைச் சொந்தமாக வாங்கலாமா என்று கேட்கிறவர்களுக்கு: வெளிநாட்டில் ஒருவர் பாவித்து, அவர் காலமானபிறகு பிள்ளைகள் இங்கே அனுப்பிவைத்த மெஷின்கள் நிறைய ஓடுகின்றன. அனுப்புகிறவர்கள் நல்ல மனதோடுதான் அனுப்புகிறார்கள். ஆனால் 2021 ஜூனில் பிலிப்ஸ் கம்பனி தன்னுடைய சீபாப், பைபாப், வென்ரிலேற்றர் வகைகளில் இலட்சக்கணக்கானவற்றைத் திருப்பி அழைத்தது, சத்தத்தைக் குறைக்க உள்ளே வைத்த பஞ்சு உதிர்ந்து காற்றோடு போகலாம் என்று. அப்படி அழைக்கப்பட்ட ஒன்று இங்கே யாருடைய கட்டிலுக்குப் பக்கத்திலும் இருக்கலாம். பிலிப்ஸ் என்றால் எந்த வருசம், எந்த மொடல் என்று சீரியல் நம்பரை வைத்துப் பார்த்துவிட்டு வாங்குங்கள். எந்தக் கம்பனியானாலும் முதலில் வாடகைக்கு எடுத்து, ஆள் போட்டுப் பழகுகிறாரா என்று தெரிந்தபிறகு சொந்தமாக வாங்குவதுதான் புத்தி. ஒரு கிழமையில் வேண்டாம் என்று திருப்பிக் கொடுத்தவர்களும் கடையில் வந்து நிற்பதைப் பார்த்தேன்.

கடையின் சேவையில் இன்னொரு குறை, தூரம். டவுன், கல்லடி, காத்தான்குடி, ஆரையம்பதி வரைக்கும் கூப்பிட்டால் தம்பி வருவார். வாவிக்கு அந்தப் பக்கம், படுவான்கரைக்கென்றால் போக்குவரத்துக் காசு தனி, அதுவும் அவருக்கு நேரம் இருக்கும் நாளில். கொக்கட்டிச்சோலையில் இருக்கிற எங்கள் உறவுக்காரர் ஒருவர் மெஷினை ஓட்டோவில் தூக்கிக்கொண்டு வந்து பழுது பார்த்துக்கொண்டு போகிறார், இரவில் மணி அடித்தால் போனில்தான் வைத்தியம். அம்பாறைப் பக்கம், கல்முனை, அக்கரைப்பற்று ஆட்கள் எடுக்க முன் யார் வந்து பார்ப்பார்கள் என்பதை எழுத்தில் வாங்கிக்கொள்ளுங்கள். தம்பி லீவில் போனால் மாற்றாள் இல்லை என்பதும் ஒரு குறைதான், ஒரு தீபாவளிக்கு மாட்டுப்பட்டோம்.

பலன் என்ன என்று கேட்டால், காலைத் தலையிடி போய்விட்டது. பகலில் தூங்கிவிழுவது குறைந்தது. மெஷினில் இருக்கும் சின்னக் கார்ட்டில் எத்தனை மணித்தியாலம் போட்டார், எவ்வளவு ஒழுகியது எல்லாம் பதிவாகிறது, அதைக் கிளினிக்குக்குக் கொண்டுபோனால் டொக்டர் அதைப் பார்த்து அழுத்தத்தைக் கூட்டிக் குறைக்கிறார். மச்சான் தானாக உள்ளே போய் மாற்றப் பார்த்தார், நல்லவேளை பூட்டு இருக்கிறது. படியேறினால் அம்மாவுக்கு இன்னும் இளைக்கிறது, பம்ப் மருந்து எல்லாம் முன்போலத்தான், வருசத்துக்கொரு தடுப்பூசியும் உண்டு. குசினியில் விறகடுப்பை இடித்து காஸ் வைத்தோம். அதை இடித்த அன்று அம்மா ஒன்றும் சொல்லவில்லை, மறுநாள் காஸில் வைத்த இடியப்பத்தைத்தான் குறை சொன்னார். மெஷின் போட்டும் ஆள் தூங்கி வழிந்தால், பிதற்றினால், சத்தி எடுத்தால், திடீரென்று நெஞ்சு வலித்தால் மாஸ்க்கை இறுக்கிக்கொண்டு இருக்காதீர்கள், 1990க்கு அடியுங்கள், சுவசெரிய அம்புலன்ஸ் காசில்லாமல் வரும்.

மேலதிகம் என்று பில்லில் போட்ட அந்த இரண்டாவது மீடியம் மாஸ்க்கைக் கடை திருப்பி எடுக்கவில்லை, "சுகாதாரச் சாமான், எடுக்க ஏலாது" என்றார்கள், உறை பிரிக்காமல் இருந்தும். அது அப்படியே அலுமாரியில் இருக்கிறது, ஓட்டையுள்ள வகை, மூக்கும் வாயும் மூடுகிறது. முகத்தை அளந்து மீடியம் என்று தெரிந்தவர்கள், பைபாப்புக்கு டொக்டர் எழுதின துண்டு கையில் இருக்கிறவர்கள் கேளுங்கள். காசு வேண்டாம், கல்லடிக்கு வந்து எடுத்துக்கொண்டு போனால் போதும்.